பழைய பாரிஸைப் பத்திரப்படுத்தியவர்!

பிரான்ஸ் நாட்டின் தலைநகரம் பாரிஸ். சுமார் 120 ஆண்டுகளுக்கு முன்பு, அந்த நகரத்தின் குறுகலான தெருக்களில் விடியற்காலை நேரத்தில் ஒரு மனிதர் நடந்து போவார். தோளிலும் கையிலும் பெரிய சுமை இருக்கும். மரத்தால் செய்த பெரிய கேமரா, அதை நிறுத்தி வைக்க ஒரு முக்காலி, தலையை மூடிக்கொள்ள ஒரு கறுப்புத் துணி, பெட்டி நிறையக் கண்ணாடித் தகடுகள். எல்லாம் சேர்ந்து கிட்டத்தட்ட 20 கிலோ!

இவ்வளவு பாடுபட்டு அவர் எதைப் படம் எடுத்தார் தெரியுமா? ராஜாவையோ மந்திரியையோ அல்ல. உலகமே வாய் பிளந்து பார்த்த ஈஃபில் கோபுரத்தின் பக்கம்கூட அவர் பெரும்பாலும் கேமராவைத் திருப்பவில்லை. ஒரு பழைய கடையின் பெயர்ப்பலகை, ஒரு வீட்டுக் கதவில் தொங்கும் இரும்பு வளையம், தேய்ந்துபோன படிக்கட்டு, கத்திக்குச் சாணை பிடிப்பவர், குப்பை பொறுக்குபவரின் வண்டி... இவைதான் அவருக்கு வேண்டும்.

இதையெல்லாம் போய் யாராவது படம் எடுப்பார்களா என்று தோன்றுகிறதா? அன்றைக்கும் அப்படி நினைத்தவர்கள் உண்டு. ஆனால் இன்று அந்தப் படங்களைப் பாரிஸ், நியூயார்க் அருங்காட்சியகங்கள் பொக்கிஷமாகக் காத்து வருகின்றன. அந்த மனிதரின் பெயர் யூஜின் அட்ஜே. அவருடைய கதையைத்தான் இப்போது பார்க்கப் போகிறோம், குழந்தைகளே!

தாத்தா வீட்டுப் பிள்ளை

பிரான்ஸின் தென்மேற்கில் லிபூர்ன் என்று ஒரு சிறிய ஊர் இருக்கிறது. அங்கே 1857-ம் ஆண்டு பிப்ரவரி 12-ம் தேதி அட்ஜே பிறந்தார். அப்பா குதிரை வண்டிகள் செய்யும் தொழிலாளி. அட்ஜேவுக்கு ஐந்து வயதானபோது அப்பா இறந்துவிட்டார். அந்தத் துக்கம் ஆறுவதற்குள் அம்மாவும் போய்விட்டார். அநாதையாகிப்போன அந்தச் சிறுவனை, அம்மாவைப் பெற்ற தாத்தாவும் பாட்டியும் போர்தோ நகரத்துக்கு அழைத்துச் சென்று வளர்த்தார்கள்.

படிப்பை முடித்ததும் அட்ஜே வணிகக் கப்பலில் வேலைக்குச் சேர்ந்தார். ஆனால் அவருடைய மனமெல்லாம் நாடக மேடையில் இருந்தது. நடிகராக வேண்டும் என்ற ஆசையோடு, 1878-ம் ஆண்டு பாரிஸுக்கு வந்து சேர்ந்தார். அங்கே புகழ்பெற்ற நாடகப் பள்ளி ஒன்று இருந்தது. அதன் நுழைவுத் தேர்வை எழுதினார். தோல்வி! மனம் தளராமல் அடுத்த ஆண்டு மறுபடியும் முயன்றார். இந்த முறை இடம் கிடைத்துவிட்டது.

ஆனால் சோதனை வேறு வடிவத்தில் வந்தது. அந்தக் காலத்தில் பிரான்ஸ் நாட்டு இளைஞர்கள் கட்டாயமாக ராணுவத்தில் பணியாற்ற வேண்டும். அட்ஜேவும் சேர வேண்டியதாயிற்று. ராணுவப் பயிற்சிக்கும் போக வேண்டும், நாடக வகுப்புக்கும் போக வேண்டும். இரண்டு படகில் கால் வைத்தவர் கதைதான். 1881-ம் ஆண்டு நாடகப் பள்ளி அவரை வெளியே அனுப்பிவிட்டது.

ஊர் ஊராகச் செல்லும் ஒரு சிறிய நாடகக் குழுவில் சேர்ந்தார். பெரிய வேடம் எதுவும் கிடைக்கவில்லை. வாலன்டீன் என்ற நடிகையை அந்தக் காலத்தில்தான் சந்தித்தார். அவரே அட்ஜேவின் வாழ்க்கைத் துணையானார். கொஞ்ச நாளில் அட்ஜேவுக்குத் தொண்டையில் நோய் வந்தது. குரல் போனால் நடிகருக்கு என்ன மிச்சம்? மேடையை விட்டு இறங்கினார். ஓவியராகலாம் என்று தூரிகையைப் பிடித்துப் பார்த்தார். அதிலும் பிழைக்க வழியில்லை.

முப்பது வயதைத் தாண்டிவிட்டது. கடல், மேடை, ஓவியம் மூன்றும் கைவிட்டுவிட்டன. இனி என்ன செய்வது?

வாசலில் ஒரு பலகை

ஓவியர்களோடு பழகியதில் அட்ஜே ஒன்றைக் கவனித்திருந்தார். ஓர் ஓவியர் வயல்காட்டுக் காட்சி வரைகிறார் என்று வைத்துக்கொள்வோம். ஏரைச் சரியாக வரைய வேண்டும். மரத்தின் கிளை எப்படி வளையும் என்று தெரிய வேண்டும். ஒவ்வொன்றுக்கும் வெளியே ஓடிப் போய்ப் பார்த்துவர முடியுமா? கையில் ஒரு புகைப்படம் இருந்தால் எவ்வளவு வசதி!

இதையே தொழிலாக்கிக்கொண்டார் அட்ஜே. புகைப்படக் கலையைத் தானாகவே கற்றுக்கொண்டார். 1890 வாக்கில் பாரிஸில் தொழிலைத் தொடங்கினார். ஓவியர்களுக்கு வேண்டிய ஆவணங்கள் இங்கே கிடைக்கும் என்ற பொருளில் வாசலில் ஒரு பலகையையும் மாட்டினார். மரம், செடி, பூ, விலங்கு, வண்டி என்று படமெடுத்து விற்றார். ஓவியர்கள், கட்டடக் கலைஞர்கள், நாடக மேடைக்குத் திரை வரைபவர்கள் எல்லாம் அவரிடம் படம் வாங்கினார்கள்.

பலகையில் கலை என்ற சொல்லே இல்லை என்பதைக் கவனியுங்கள். தன்னைக் கலைஞர் என்று அவர் சொல்லிக்கொள்ளவில்லை. தான் எடுப்பவை வெறும் ஆவணங்கள் என்பதே கடைசிவரை அவருடைய பேச்சு.

இடிபடும் நகரம்

அந்தச் சமயத்தில் பாரிஸ் வேகமாக மாறிக்கொண்டிருந்தது. 1853-ம் ஆண்டிலிருந்து 1870-ம் ஆண்டு வரை ஓஸ்மான் என்ற அதிகாரி, பேரரசர் மூன்றாம் நெப்போலியனின் ஆணைப்படி நகரத்தையே புரட்டிப் போட்டிருந்தார். பல நூறு ஆண்டுகள் பழமையான சந்துகளும் வீடுகளும் தரைமட்டமாயின. அந்த இடங்களில் அகலமான நேர்ச்சாலைகள் வந்தன. அவர் போன பிறகும் இடிக்கும் வேலை நிற்கவில்லை. 1900-ம் ஆண்டு நிலத்தடி மெட்ரோ ரயிலும் ஓடத் தொடங்கியது.

புதிய சாலைகளால் நன்மையும் இருந்தது. காற்றும் வெளிச்சமும் வந்தன. கழிவுநீர்க் குழாய்கள் வந்தன. ஆனால் பழைய பாரிஸ் எப்படி இருந்தது என்பதே அடுத்த தலைமுறைக்குத் தெரியாமல் போய்விடுமோ என்று பலர் கவலைப்பட்டார்கள்.

அந்தக் கவலை அட்ஜேவையும் பிடித்துக்கொண்டது. 1898-ம் ஆண்டு வாக்கில் அவர் பழைய பாரிஸைத் தேடித் தேடிப் படமெடுக்கத் தொடங்கினார். நகர வரலாற்று நூலகமும் கார்னவாலே அருங்காட்சியகமும் அவரிடம் படங்களை வாங்க ஆரம்பித்தன. பிழைப்புக்காகத் தொடங்கிய வேலை, வாழ்நாள் வேலையாகவே மாறிவிட்டது.

முதலில் தெருவில் நின்று பிழைப்பவர்கள் பக்கம் திரும்பினார். அவர்களுடைய தொழில்களும் மறைந்துவருவதை அவர் கவனித்திருந்தார். விளக்குக் கூடுகளை உடம்பெல்லாம் தொங்கவிட்டு விற்பவர், வீடு வீடாக ரொட்டி கொண்டுபோகும் பெண், சாணை பிடிப்பவர், சாலைக்குத் தார் போடும் தொழிலாளிகள் என்று ஒவ்வொருவரையும் நிற்க வைத்துப் படமெடுத்தார். ஒரு படத்தில் தாடி வைத்த முதியவர் ஒருவர் கைப்பிடியைச் சுற்றி இசைப்பெட்டி வாசிக்கிறார். பக்கத்தில் நின்று பாடும் குள்ளமான பெண் வானத்தைப் பார்த்து வாய் நிறையச் சிரிக்கிறாள். இசை காதில் கேட்பது போலவே இருக்கும்!

கண்ணாடியில் பிடித்த வெளிச்சம்

இப்போது போல விரலால் தட்டினால் படம் வந்துவிடாது, குழந்தைகளே! அட்ஜே எப்படிப் படமெடுத்தார் என்று தெரிந்துகொள்ளுங்கள்.

அவருடைய கேமராவில் சுருள் ஃபிலிம் கிடையாது. 18 செ.மீ. அகலமும் 24 செ.மீ. நீளமும் கொண்ட கண்ணாடித் தகடுதான் அதற்கு ஃபிலிம். ஒரு பெரிய நோட்டுப் புத்தகத்தின் அளவு இருக்கும். வெளிச்சம் பட்டால் மாறக்கூடிய ரசாயனத்தை அதன் மேல் பூசியிருப்பார்கள். ஒரு தகட்டில் ஒரே ஒரு படம்தான் எடுக்கலாம். கீழே விழுந்தால் உடைந்துவிடும்.

கேமராவை முக்காலியில் நிறுத்துவார். கறுப்புத் துணிக்குள் தலையை விட்டுப் பார்ப்பார். உள்ளே காட்சி தலைகீழாகத் தெரியும்! கொல்லன் பட்டறைத் துருத்தி போல மடிந்து விரியும் பகுதியை முன்னும் பின்னும் நகர்த்திக் காட்சியைத் தெளிவாக்குவார். பிறகு தகட்டைச் செருகி லென்ஸைத் திறப்பார். போதுமான வெளிச்சம் விழும் வரை பல நொடிகள் காத்திருப்பார். அதற்குள் யாராவது குறுக்கே நடந்தால், அவர்கள் படத்தில் புகை போல, ஆவி போலத் தெரிவார்கள். அவருடைய பல படங்களில் அப்படிப்பட்ட "ஆவிகள்" உண்டு! தெரு காலியாக இருக்கும் விடியற்காலையில் அவர் பல படங்களை எடுத்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

மாம்பர்னாஸ் பகுதியில் ஒரு கட்டடத்தின் ஐந்தாவது மாடியில் அவர் குடியிருந்தார். 1899-ம் ஆண்டிலிருந்து கடைசிவரை அதுதான் வீடு. தகட்டை இருட்டறையில் கழுவி நெகட்டிவ் ஆக்குவார். அதன் ஓரத்தில் ஓர் எண்ணைக் கீறி வைப்பார். பிறகு தகட்டையும் ரசாயனம் பூசிய தாளையும் ஒன்றாகச் சட்டத்தில் வைத்து வெயிலில் காட்டுவார். சூரியன்தான் அவருடைய அச்சு எந்திரம்! தகடு எவ்வளவு பெரியதோ, படமும் அவ்வளவு பெரியதாகவே வரும்.

1888-ம் ஆண்டே கோடாக் நிறுவனம் கையடக்கப் பெட்டிக் கேமராவை விற்பனைக்குக் கொண்டுவந்துவிட்டது. அதில் ஒரே சுருளில் 100 படங்கள் எடுக்கலாம். சுலபமான வழிகள் வந்த பிறகும் அட்ஜே தன் பழைய மரப்பெட்டியை விடவில்லை. பெரிய தகட்டில் எடுத்த படத்தில் சுவரின் விரிசலும், கதவின் ஆணியும், கடைவாசலில் தொங்கும் கூடையின் பின்னலும்கூடத் தெளிவாகத் தெரியும்.

வேடிக்கையான ஒரு படமும் உண்டு. 1908-ம் ஆண்டு ஒரு மதுக்கடையின் முகப்பை எடுத்தார். கதவுக் கண்ணாடிக்குப் பின்னால் இரண்டு பேர் வெளியே எட்டிப் பார்க்கிறார்கள். அதே கண்ணாடியில் கேமராவும் அதன் பக்கத்தில் அட்ஜேயும் மங்கலாகத் தெரிகிறார்கள். தெருவை எல்லோருக்கும் காட்டிய மனிதர், தன்னை மட்டும் நிழலாகக் காட்டிக்கொண்டார்.

குப்பைமேட்டு மனிதர்கள்

பாரிஸைச் சுற்றி அப்போது ஒரு கோட்டைச் சுவர் இருந்தது. அதற்கு வெளியே இருந்த வெற்று நிலத்தில் கட்டடம் கட்டத் தடை. வீடில்லாத ஏழைகள் அங்கே பலகையாலும் தகரத்தாலும் குடிசை போட்டு வாழ்ந்தார்கள். அவர்களில் பலர் நகரத்தின் குப்பையிலிருந்து கந்தல் துணி, எலும்பு, இரும்பு முதலியவற்றைப் பொறுக்கி விற்பவர்கள். பாரிஸின் பணக்காரர்கள் அந்தப் பக்கமே போகமாட்டார்கள். அட்ஜே போனார். குடிசைகளையும் அவர்களுடைய குடும்பங்களையும், மலை போலக் குவிந்த மூட்டைகளையும் படமெடுத்து, 1913-ம் ஆண்டு ஓர் ஆல்பமாகத் தொகுத்தார். இன்று அந்தக் குடிசைகளும் இல்லை, கோட்டைச் சுவரும் இல்லை.

பாரிஸுக்குள் பியேவ்ர் என்று ஒரு சிறிய ஆறு ஓடியது. அதன் கரையில் தோல் பதனிடுபவர்கள் வேலை செய்தார்கள். தண்ணீர் கெட்டு நாற்றமெடுத்ததால், ஆற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக மூடினார்கள். 1912-ம் ஆண்டுக்குள் நகரத்துக்குள் ஓடிய ஆறு முழுவதும் மண்ணுக்கடியில் போய்விட்டது. அட்ஜே அதற்கு முன்பே அங்கே போய்விட்டார். அந்த ஆற்றின் வளைவையும், கரையோரத் தோல் கூடங்களையும் இன்று அவருடைய படங்களில் பார்க்க முடிகிறது.

மோட்டார் கார்கள் பெருகத் தொடங்கியபோது, குதிரை வண்டிகளை வகை வகையாகப் படமெடுத்து அதையும் ஒரு தனி ஆல்பமாக்கினார். அவருடைய அப்பா செய்த தொழில் அல்லவா அது!

1912-ம் ஆண்டு ஏப்ரல் 17-ம் தேதி சூரிய கிரகணம் வந்தது. பாரிஸ் மக்கள் தெருவில் கூடி நின்று அண்ணாந்து பார்த்தார்கள். அட்ஜே என்ன செய்தார் தெரியுமா? சூரியனை விட்டுவிட்டு, அண்ணாந்து பார்த்த கூட்டத்தைப் படமெடுத்தார்! எல்லோரும் வானத்தைப் பார்த்த நேரத்திலும் அவருடைய கண் மனிதர்கள் மேல்தான் இருந்தது.

பாலும் ரொட்டியும்

1914-ம் ஆண்டு முதல் உலகப்போர் மூண்டது. வாலன்டீனின் மகன் போரில் உயிரிழந்தான். படம் வாங்க ஆளில்லை. அட்ஜே படமெடுப்பதும் குறைந்துபோயிற்று. விலைமதிப்பற்ற கண்ணாடித் தகடுகள் சேதமாகிவிடக் கூடாது என்று கட்டடத்தின் நிலவறையில் அடுக்கி வைத்தார். சாப்பாட்டிலும் அவர் விசித்திரமானவர். பல ஆண்டுகள் பால், ரொட்டி, சர்க்கரைக் கட்டி ஆகியவை மட்டுமே அவருடைய உணவு என்று அவரை அறிந்தவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள்.

போர் முடிந்தது. அட்ஜேவுக்கு 60 வயது தாண்டிவிட்டது. ஒரு கவலை அவரை அரித்தது. நமக்குப் பிறகு இந்தத் தகடுகளின் கதி என்ன? இதன் மதிப்புத் தெரியாதவர் கையில் போனால் பழைய கண்ணாடி என்று தூக்கி எறிந்துவிடுவார்களே! 1920-ம் ஆண்டு அரசாங்கத்தின் கலைத்துறைத் தலைவருக்குக் கடிதம் எழுதினார். பழைய பாரிஸ் முழுவதும் தன்னிடம் இருக்கிறது என்றும், தனக்குப் பிறகு அதைப் பாதுகாக்க வாரிசு இல்லை என்றும் அதில் தெரிவித்தார். அரசாங்கம் ஒப்புக்கொண்டது. 2,600-க்கும் மேற்பட்ட நெகட்டிவ்களை 10,000 பிராங்க் கொடுத்து வாங்கிக்கொண்டது.

பாதிச் சுமை இறங்கிவிட்டது. ஆனால் அவர் ஓய்வெடுக்கவில்லை. பூங்காக்களின் பழைய மரங்களையும் குளங்களையும், துணிக்கடைக் கண்ணாடிக்குள் நிற்கும் பொம்மைகளையும் தேடிப் போனார். வீட்டில் தகடுகள் மறுபடியும் சேர்ந்தன. இவற்றைக் காப்பாற்றப்போவது யார்?

வாங்க வந்த இளம்பெண்

அட்ஜே குடியிருந்த அதே தெருவில் மேன் ரே என்ற அமெரிக்கக் கலைஞர் ஸ்டுடியோ வைத்திருந்தார். அட்ஜேவின் படங்கள் அவருக்குப் பிடித்துப்போயின. 1926-ம் ஆண்டு, கிரகணம் பார்க்கும் கூட்டத்தின் படம் ஒரு கலைப் பத்திரிகையின் அட்டையில் வெளிவந்தது. எந்தக் கலைஞரும் துள்ளிக் குதித்திருப்பார். அட்ஜே கேட்டுக்கொண்டது என்ன தெரியுமா? தன் பெயரைப் போட வேண்டாம் என்பதுதான்!

மேன் ரேயிடம் பெரனிஸ் அபாட் என்ற இளம்பெண் உதவியாளராக இருந்தார். அவரும் அமெரிக்காவிலிருந்து வந்தவர். 1925-ம் ஆண்டு அட்ஜேவின் படங்களை முதன்முதலில் பார்த்தவர் அசந்துபோய்விட்டார். அந்தப் பெரியவரைத் தேடிப் போய்ப் பழகினார். கையில் இருந்த பணத்துக்குத் தகுந்தபடி ஒன்றிரண்டாகப் படங்கள் வாங்கினார்.

1926-ம் ஆண்டு வாலன்டீன் இறந்துபோனார். அட்ஜே தனிமையில் வாடினார். அடுத்த ஆண்டு அபாட் அவரைத் தன் ஸ்டுடியோவுக்கு அழைத்து, நாற்காலியில் உட்கார வைத்துப் படமெடுத்தார். வாழ்நாளெல்லாம் கேமராவுக்குப் பின்னால் நின்றவர், அன்றைக்கு அதன் முன்னால் உட்கார்ந்தார். சற்றே கூனிய முதுகு, களைத்த முகம். படங்கள் தயாரானதும் அவருக்குக் காட்ட அபாட் ஆவலோடு போனார். அதற்குள் அட்ஜே கண்ணை மூடிவிட்டார். அது 1927-ம் ஆண்டு ஆகஸ்ட் 4-ம் தேதி. தன்னுடைய படத்தை அவர் பார்க்கவே இல்லை.

அபாட் அழுதுகொண்டு சும்மா இருந்துவிடவில்லை. வீட்டில் இருந்த தகடுகளும் படங்களும் எங்கே போகுமோ என்று தவித்தார். அவை அட்ஜேவின் பழைய நாடக நண்பரிடம் போய்ச் சேர்ந்திருந்தன. அவரைக் கண்டுபிடித்துப் பேசி, 1928-ம் ஆண்டு எல்லாவற்றையும் விலைக்கு வாங்கினார். அப்போது அவருக்கு ஏறத்தாழ முப்பது வயதுதான். பெரிய பணக்காரரும் இல்லை.

ஆயிரத்துக்கும் மேற்பட்ட கண்ணாடித் தகடுகள் அட்லாண்டிக் கடலைத் தாண்டி அமெரிக்கா போயின. நாற்பது ஆண்டுகள் அபாட் அவற்றைக் கட்டிக் காத்தார். புத்தகம் போட்டார், கண்காட்சி வைத்தார், அட்ஜேவின் பெயரை ஊரறியச் செய்தார். 1968-ம் ஆண்டு நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் அந்தச் சேகரிப்பை வாங்கிக்கொண்டது. அட்ஜே விட்ட இடத்திலிருந்து அபாட் இன்னொன்றும் செய்தார். அவரைப் போலவே பெரிய கேமராவைத் தூக்கிக்கொண்டு, 1930-களில் வேகமாக மாறிக்கொண்டிருந்த நியூயார்க் நகரத்தின் தெருக்களைப் படமெடுத்தார். அந்தப் படங்களும் புகழ்பெற்றவை.

ஏறத்தாழ முப்பது ஆண்டுகளில் அட்ஜே எடுத்த படங்கள் 8,500-க்கும் மேல்! இன்று பழைய கட்டடங்களைப் பழுதுபார்ப்பவர்களும், வரலாற்று ஆசிரியர்களும், புகைப்படம் கற்கும் மாணவர்களும் அவற்றைத் தேடிப் பார்க்கிறார்கள்.

அரண்மனையையும் கோபுரத்தையும் படமெடுக்க ஆயிரம் பேர் வருவார்கள். தினமும் பார்க்கிற கடையையும், தெருவில் கூவி விற்பவரையும் யாரும் எடுப்பதில்லை. நாளைக்கும் இருக்கும் என்று நினைத்துக்கொள்கிறோம். ஒரு நாள் பார்த்தால் அந்த இடம் காலியாக இருக்கிறது! குழந்தைகளே, உங்கள் தெருவில் எத்தனை கடைகள் இருக்கின்றன, யார் யார் என்னென்ன தொழில் செய்கிறார்கள் என்று சொல்ல முடியுமா? ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் மெதுவாக நடந்து பாருங்கள். கேமரா இல்லாவிட்டாலும் பரவாயில்லை. ஒரு நோட்டும் பென்சிலும் போதும்.